குங்குமம் வைத்த கிராண்டு

பூட்டிய அலமாரியை இன்னொரு தடவை இழுத்துப் பார்த்துவிட்டுத்தான் நவமணியக்கா தையல் மெஷினுக்கு முன்னால் உட்காருவார். நாலு தையல் ஓடியதும் எழுந்து போய் மறுபடி இழுத்துப் பார்ப்பார். உள்ளே நகை ஒன்றும் கிடையாது. கெலுகோரில் அவர் குடியிருக்கும் மனையின் கிராண்டு இருக்கிறது. அரசாங்க முத்திரை போட்ட நிலப்பட்டா.

கெலுகோர் பெண்களுக்கு ரவிக்கை என்றால் நவமணியக்காதான். ஆளை ஒரு பார்வை பார்த்தே அளவு சொல்லிவிடுவார். கையில் கத்தரி இருக்கும்போது அவரிடம் யாரும் வாய் கொடுக்க முடியாது. அப்படிப்பட்டவர், தெருவில் தீயணைப்பு வண்டி மணியடித்துப் போனால் போதும், அடுப்பில் பாலை அப்படியே விட்டுவிட்டு, கிராண்டை மார்போடு அணைத்துக்கொண்டு வாசலில் வந்து நிற்பார். பக்கத்து வீட்டார் சிரிப்பார்கள். சிரிக்கட்டுமே, அவர்களா பட்டார்கள்?

துறைமுகத்தில் வேலை பார்த்த கணவர் வேலு எழுபத்தெட்டாம் வருடம் திடீரென்று கண்ணை மூடியபோது மனை அவர் பேரில் இருந்தது. அதைத் தன் பேருக்கு மாற்றுவதற்குள் அக்காவுக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. இங்கே போனால் அந்தச் சான்று, அங்கே போனால் இந்தக் கையெழுத்து. “அந்த மனுஷன் செத்ததுக்குக்கூட நான் அவ்வளவு அழல லா” என்பார். இப்போது அவருக்கே ரத்தக் கொதிப்பு. மகள் சந்திரிகாவுக்கு அந்த அலைச்சல் வேண்டாம், தன் கண் முன்னாலேயே வீட்டை அவள் பேரில் எழுதிவிட வேண்டும் என்று துடிக்கிறார்.

அதற்குக் குறுக்கே நின்றது அவருடைய பக்திதான். ஆண்டுதோறும் சரஸ்வதி பூசையன்று மெஷின், கத்தரி, அளவு நாடாவோடு கிராண்டையும் சாமி முன்னால் வைத்து, சந்தனம் குழைத்துக் குங்குமப் பொட்டு வைப்பார். மூலையில் வைத்தால் சாமி கோபித்துக்கொள்ளுமோ என்று நட்டநடுவில் வைத்தார். பொட்டின் மேல் பொட்டு ஏறி, விளக்கெண்ணெயும் ஊறி, மனை எண்ணும் முத்திரையும் சிவப்புக்குள் போய்விட்டன.

ஜார்ஜ்டவுன் நில அலுவலகத்தில் கவுண்டரில் இருந்தவர் சிக்கந்தர் என்ற தமிழ் எழுத்தர். தாளை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். கெட்டுப்போன கிராண்டில் எதையும் பதிய முடியாது, மனு கொடுத்தால் புதியது கிடைக்கும், அது சொந்தக்காரரின் உரிமை, பழையதை மட்டும் இங்கே ஒப்படைக்க வேண்டும் என்று பொறுமையாக விளக்கினார். ஒப்படைப்பதா? அக்கா தாளைத் திரும்ப வாங்கிக்கொண்டார்.

“புதுசு வர்ற வரைக்கும் என் கையில என்ன தம்பி இருக்கும்?”

“ரசீது இருக்கும்க்கா.”

“ரசீத நம்பி வீட்டுல எப்படிப் படுக்கிறது?”

கிராண்டைப் பைக்குள் திணித்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டார். இன்னொரு நாள் போனார். அன்றும் கொடுக்க மனம் வராமல் திரும்பினார். சந்திரிகா அம்மாவோடு பேசுவதையே நிறுத்திவிட்டாள்.

அடுத்த முறை சிக்கந்தர் வேறு வழி பார்த்தார். கேட்டால் காட்ட வேண்டியது எங்கள் கடமைதான் என்று சொல்லி, அதற்கு ஒரு மனு எழுதி வாங்கிக்கொண்டு, மனைக்காரர் பேரெல்லாம் பதிந்த அலுவலகப் பதிவேட்டையே எடுத்து வந்து பிரித்து வைத்தார். பொட்டு கிட்டு எதுவும் இல்லாத வெறும் தாள். அதில் நவமணியக்காவின் பேர் பளிச்சென்று இருந்தது.

“இது இங்கேயேதான்க்கா இருக்கும். எங்கயும் போவாது லா.”

அக்கா எழுத்துக் கூட்டிப் படித்தார். அடையாள அட்டையை எடுத்து எண்ணை ஒப்பிட்டார். எல்லாம் சரியாகத்தான் இருந்தது. பயம்தான் அசையவில்லை. இருந்தாலும் மகளின் முகம் நினைவுக்கு வர, பையைத் திறந்து கிராண்டை வெளியே எடுத்தார். கவுண்டர் மேல் வைத்து முன்னால் தள்ளினார். சிக்கந்தர் அந்தப் பக்கம் பிடித்து மெல்ல இழுத்தார். தாள் வரவில்லை.

“விடுங்கக்கா” என்றார்.

“விட்டுட்டேனே தம்பி” என்றார் நவமணியக்கா. அவருடைய கட்டைவிரல், நகம் வெளுக்கும்படி தாளை அழுத்திக்கொண்டிருந்தது.