கமெராவுக்குப் பக்கத்தில் நின்றவள்

ஜேர்மனியின் வுப்பர்டால் நகரில் கொறற்றி வேலை செய்யும் பல் வைத்தியரிடம் வருகிறவர்களில் நாற்பதைத் தாண்டிய ஜேர்மன்காரர் என்றால், வாயைத் திறந்தபடியே கண்ணை அவள் முகத்தில் வைத்திருப்பார்கள். வாய் நிறையப் பஞ்சு இருப்பதால் கேட்க முடியாது. பஞ்சை எடுத்ததும், பல் தப்புமா என்று கேட்பதற்கு முதல், "நீங்கள் மரிசெல்தானே?" என்பார்கள். ஆமென்றால் அதோடு விடமாட்டார்கள். பிலிப்பைன்ஸில் எந்தப் பக்கம் என்று அடுத்த கேள்வி வரும். முன்பெல்லாம் கொறற்றி ஆறுதலாக இருந்து விளக்குவாள். இப்போது "ஒரு தீவு" என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிடுகிறாள். அதில் பொய் ஒன்றும் இல்லை.

பிலிப்பைன்ஸை அவள் வரைபடத்தில் மட்டுமே கண்டிருக்கிறாள். பிறந்தது யாழ்ப்பாணத்துப் பாசையூரில். இரண்டு வயதில் தாய் லூர்தம்மாவின் இடுப்பில் இருந்தபடி ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் வந்திறங்கி, அகதி விடுதி ஒன்றில், மூன்று கட்டிலும் ஓர் அடுப்புமாக இருந்த அறையில் வளர்ந்தவள். அப்படிப்பட்டவள் ஏழு வயதில் பிலிப்பைன்ஸ்காரி ஆனதற்கு அவளுடைய தகப்பன் அலோசியஸின் பயம்தான் காரணம்.

அவர்களுடைய தேவாலயப் பங்கில் தமிழரும் பிலிப்பைன்ஸ்காரரும் ஒரே மண்டபத்தைத்தான் பாவித்தார்கள். பெருநாள் ஒன்றில், தொலைக்காட்சித் தொடருக்குப் பிலிப்பைன்ஸ் சிறுமி தேடி ஒரு பெண் வந்தாள். ஒருவரும் கேட்காமலே மேடையில் ஏறிப் பாடிக்கொண்டிருந்த கொறற்றியைக் கண்டதும் அலோசியஸிடம் போனாள். அவள் கையில் ஒரு கோப்பு இருந்தது. அது போதும் அலோசியஸுக்கு. கோப்போடு நிற்கிற எந்த ஜேர்மன்காரரும் வெளிநாட்டவர் அலுவலகத்தின் ஆள், அவர் முகம் கோணினால் தங்கள் அகதி விண்ணப்பம் குப்பைக்குள் போய்விடும் என்று அவர் உறுதியாக நம்பிய காலம் அது. அவள் கேட்ட எல்லாவற்றுக்கும் "யா, யா" என்று ஆமாம் போட்டார். பிள்ளை பிலிப்பைன்ஸோ என்று கேட்டதற்கும் அதே யாதான்.

ஓய்வுபெற்ற கப்பல் கப்டன் ஒருவரும் அவர் தத்தெடுத்த மரிசெல் என்ற சிறுமியும் ஒரு துறைமுக ஊரில் வாழ்வதுதான் தொடரின் கதை. ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் கேக்கும் கோப்பியுமாக இருந்து சனம் பார்த்தது. கொறற்றி தெருவில் போனால் கிழவிகள் கன்னத்தைக் கிள்ளினார்கள். மண்டபத்தில் பிலிப்பைன்ஸ்காரப் பெண்கள் அவளைத் தங்கள் பிள்ளையாகவே எடுத்துக்கொண்டார்கள். விடுதியில் இருந்த தமிழ்ச் சனத்துக்கோ பெருமை தாங்கவில்லை. தொடரை வீடியோவில் பதிந்து பாரிஸுக்கும் லண்டனுக்கும் அனுப்பினார்கள்.

அவளை நாடறியச் செய்தது ஓர் அழுகை. இரண்டாம் வருடம், கப்டன் மாரடைப்பில் விழுந்து ஆஸ்பத்திரியில் கிடக்க, மரிசெல் தனியே இருந்து அழவேண்டும். எட்டு வயதுக் கொறற்றிக்கு அழுகை வரவில்லை. கப்டனாக நடித்தவர் அடுத்த அறையில் சொசேஜ் தின்றுகொண்டிருந்தது அவளுக்குத் தெரியும். எடுத்தார்கள், திரும்ப எடுத்தார்கள், அவள் சிரித்தாள். கடைசியில் இயக்குநர் அலோசியஸைக் கூப்பிட்டு ஏதோ சொன்னார். அலோசியஸ் கொஞ்சம் நின்றார். பிறகு மகளுக்கு முன்னால் குந்தியிருந்து, தமிழில், அவள் காதுக்குள் சொன்னார்.

"அம்மாவைப் பொலிஸ் பிடிச்சுக்கொண்டு போட்டுது பிள்ளை. பிளேனிலை ஏத்திப் போட்டினம்."

விடுதியில் அப்படிப் பிடித்துக்கொண்டு போவதை அவள் கண்டிருக்கிறாள். அவள் அழுத அழுகைக்கு ஜேர்மனியே அழுதது. இந்த வயதில் இப்படி ஒரு நடிப்பா என்று பத்திரிகைகள் எழுதின. உண்மையை உடனே சொன்னார்கள்தான், பின்னேரம் தாயையும் கண்ணால் கண்டாள்தான். ஆனாலும் அதற்குப் பிறகு நெடுங்காலம் பள்ளிக்கூடத்தால் வந்தவுடன் வாசலில் தாயின் சப்பாத்து கிடக்கிறதா என்று பார்த்த பிறகே மூச்சு விட்டாள். லூர்தம்மாவுக்கு இந்தக் கதை தெரியாது. தகப்பனும் மகளும் அதைப் பற்றி ஒரு சொல்லும் பேசிக்கொண்டதில்லை.

பன்னிரண்டு வயதில் கொறற்றி மளமளவென்று வளர்ந்தாள். கப்டனால் அவளைத் தூக்க முடியவில்லை. தூக்க முடியாத அநாதை யாருக்கு வேண்டும்? மரிசெல்லைக் கதையில் ஒரு தூரத்துப் பள்ளிக்கு அனுப்பிவிட்டார்கள். தொடர் அதற்குப் பிறகும் கனகாலம் ஓடியது.

அவள் பல் வைத்தியரின் உதவியாளராகப் படித்தாள், பென்ஜமினைக் கட்டினாள், இரண்டு பிள்ளைகளைப் பெற்றாள். நடிப்பையும் முற்றாக விடவில்லை. கூப்பிட்டால் விடுமுறை எடுத்துக்கொண்டு போவாள். தாதியாக நடித்தாள், அதிலும் பிலிப்பைன்ஸ் தாதி, இந்தியத் தாதி, ஒருமுறை வியட்நாம் தாதி. துப்பறியும் தொடர்களில் காலையில் துடைக்க வந்து பிணத்தைக் கண்டு வாளியைக் கீழே போடும் பெண் என்றால் முதலில் அவளைத்தான் கேட்பார்கள். தான் இல்லாவிட்டால் ஜேர்மனியில் எத்தனையோ பிணம் கண்டுபிடிக்கப்படாமலே கிடந்திருக்கும் என்று வீட்டில் சொல்லிச் சிரிப்பாள். மனக்குறை என்று பெரிதாக ஒன்றும் இல்லை. ஒரு சின்ன ஆசை மட்டும் இருந்தது. வளர்ந்தபின் ஒருவரும் அவள் முகத்துக்குக் கிட்டக் கமெராவைக் கொண்டு வரவில்லை. பிணத்துக்குக் கிட்டக் கொண்டு போவார்கள், துப்பறிகிறவனின் புருவத்துக்குக் கிட்டக் கொண்டு போவார்கள். அவள் வாளியோடு தூரத்தில் நிற்பாள். திரை நிறையத் தன் முகம் ஒருமுறை வரவேண்டும் என்று அவள் ஆசைப்பட்டாள். இதை ஆசை என்று சொல்லவும் வெட்கப்பட்டாள்.

நாற்பது தாண்டியபின் அதற்கு வாய்ப்பு வந்தது. ஹன்னா என்ற இளம் இயக்குநர், எண்பதுகளில் வந்த தமிழ்க் குடும்பம் ஒன்றைப் பற்றிச் சினிமாப் படம் எடுத்தாள். கதை ஒரு சிறுமியுடையது. சிறுமியாக நடாலி என்ற எட்டு வயதுப் பிள்ளை. தாயாகக் கொறற்றி, முதல் முறையாகத் தமிழ்ப் பெண்ணாகவே. ஒரு பழைய ரயில் நிலையத்தின் காத்திருப்பு மண்டபத்தில், அப்பா இனி வரமாட்டார் என்று தாய் மகளுக்குச் சொல்லும் காட்சிதான் படத்தின் உயிர். மண்டபம் அந்த ஒரு நாளுக்குத்தான் கிடைத்தது. முதலில் இருவரையும் சேர்த்து எடுப்பது, பிறகு பிள்ளையின் முகம், வெளிச்சம் போவதற்கு முந்திய கடைசி மணித்தியாலம் கொறற்றியின் முகம். ஹன்னா அவளுடைய கையைப் பிடித்து, அந்த மணித்தியாலம் உங்களுக்கே என்று சொல்லியிருந்தாள். கொறற்றி அதற்கு முந்திய கிழமை முழுவதும் பல் வைத்தியரின் கருவிகளைக் கழுவியபடி வசனத்தை முணுமுணுத்தாள்.

ஒருவரின் முகத்தைத் தனியே எடுக்கும்போது எதிரே பேசுகிற நடிகர் கமெராவுக்குப் பக்கத்தில் நின்று தன் வசனத்தைச் சொல்லிக்கொடுப்பது வழக்கம். படத்தில் அவர் தெரியமாட்டார். அதனால் பலர் சும்மா வாசிப்பதுபோல் சொல்லிவிட்டுப் போவார்கள். நடாலியின் முகத்தை எடுக்கும்போது கொறற்றியும் அப்படித்தான் சொன்னாள். அவளுக்குத் தன் உடம்பு தெரியும். உண்மையான அழுகை ஒரு நாளில் ஒரு தரம்தான் வரும். அதைத் தன்னுடைய மணித்தியாலத்துக்காகப் பொத்திப் பொத்தி வைத்திருந்தாள்.

நடாலிக்கு அழுகை வரவில்லை. வசனம் பிசகவில்லை, பார்வையும் நன்றாக இருந்தது, ஆனால் முகம் வெறும் முகமாகவே நின்றது. திரும்பத் திரும்ப எடுத்தார்கள். பிள்ளைகளை வைத்து இவ்வளவு நேரத்துக்கு மேல் வேலை வாங்கக்கூடாது என்று சட்டம் இருக்கிறது. பிள்ளைக்குப் பொறுப்பான பெண் கடிகாரத்தைப் பார்த்து, இன்னும் ஒரு மணித்தியாலம்தான் மிச்சம் என்றாள். ஹன்னா இடைவேளை விட்டாள்.

தேநீர் மேசைக்குப் பக்கத்தில் நடாலியின் தகப்பன் நித்தியானந்தன் கொறற்றியிடம் வந்தான். நல்ல பொடியன், பார்சல் வண்டி ஓட்டுகிறவன், மகளுக்காக லீவு போட்டுவிட்டு வந்தவன். இத்தனை ஜேர்மன்காரருக்கு முன்னால் தன் பிள்ளையால் வேலை தாமதமாகிறதே என்று அவன் வெந்துகொண்டிருந்தான். ஒருவரும் அவனை ஒன்றும் சொல்லவில்லை. தானாகவேதான் அவன் வெந்தான்.

"அக்கா, நீங்கள் சின்னனிலை அழுததை எங்கடை அம்மா இண்டைக்கும் சொல்லுவா," என்றான். "உங்களை எப்பிடி அழப் பண்ணினவை? நான் நடாலியிட்டைத் தாய்க்கு அக்சிடென்ற் எண்டு சொல்லுவம் எண்டு யோசிக்கிறன். அஞ்சு நிமிசம்தானே. பேந்து உண்மையைச் சொல்லலாம்."

கொறற்றி கையிலிருந்த கோப்பையை மேசையில் வைத்தாள். அவளுக்குக் கோபம் வந்தது, ஆனால் அவனுடைய முகத்தைப் பார்க்கக் கோபிக்கவும் முடியவில்லை. குற்றம் செய்யப் போகிறவனின் முகமாக அது இல்லை. உதவி செய்யப் பறக்கிற முகம். இந்த முகத்தை அவள் முன்பே கண்டிருக்கிறாள், அதுவும் காதுக்குக் கிட்ட.

"எனக்கும் அஞ்சு நிமிசத்திலை உண்மையைச் சொன்னவை, நித்தி," என்றாள். "நான் நம்பேல்லை."

அவன் விளங்காமல் பார்த்தான். அவள் தனக்குச் சொல்லப்பட்டதைச் சொன்னாள். யார் சொன்னது என்று அவன் கேட்டான். அதையும் சொன்னாள். பென்ஜமினுக்கும் சொல்லாததை, தெரிந்து ஒரு மாதமும் ஆகாத ஒருவனுக்கு, பிளாஸ்க்குக்குப் பக்கத்தில் நின்று சொல்லிவிட்டாள். நித்தியானந்தன் நிலத்தைப் பார்த்தான்.

சொல்லி முடித்தபோதுதான் அவளுக்கு வேறொன்று உறைத்தது. காலையிலிருந்து அந்தப் பிள்ளை யாருடைய முகத்தைப் பார்த்துக்கொண்டு அழவேண்டியிருந்தது? அவளுடைய முகத்தை. அதில் என்ன இருந்தது? ஒன்றும் இல்லை. எல்லாவற்றையும் அவள் பூட்டி வைத்திருந்தாள். பொய் சொல்லவில்லை என்பதைத் தவிர அவள் அந்தப் பிள்ளைக்கு எதையும் கொடுக்கவில்லை.

அவள் ஹன்னாவிடம் போனாள். தன்னுடைய மணித்தியாலத்தில் பிள்ளையை எடுக்கச் சொன்னாள், தான் பக்கத்தில் நிற்பதாகச் சொன்னாள். ஹன்னா தயங்கினாள். வெளிச்சம் போய்விட்டால் உங்கள் முகத்தை எடுக்க இன்னொரு நாள் கிடைக்காது, அதற்கு நான் வாக்குத் தர முடியாது என்று நேர்மையாகச் சொன்னாள். தெரியும் என்றாள் கொறற்றி. தெரிந்தேதான் சொன்னாள். முப்பது வருட ஆசையை ஒரு சொல்லில் கொடுத்துவிட்டு வந்து கமெராவின் இடது பக்கத்தில் ஒரு கதிரையைப் போட்டு, பிள்ளையின் கண் மட்டத்துக்குத் தன் கண் வரும்படி இருந்தாள்.

இம்முறை அவள் எதையும் பொத்தி வைக்கவில்லை. அப்பா இனி வரமாட்டார் என்று சொல்லத் தொடங்கியபோதே குரல் உடைந்தது. பாதி வசனத்தில் கண்ணீர் நாடிவரை ஓடியது. நடாலி முதலில் திகைத்தாள். பிறகு, எழுதியதில் இல்லாதபடி, கையை நீட்டிக் கமெராவைத் தாண்டிக் கொண்டுவந்து கொறற்றியின் கன்னத்தைத் துடைத்தாள். துடைக்கத் துடைக்க அவளுடைய உதடு கோணியது. "அழாதேங்கோ அம்மா," என்று சொல்லிக்கொண்டே அவளும் அழுதாள். ஹன்னா நிறுத்து என்று சொல்ல மறந்து நின்றாள்.

நிறுத்தியதும் நடாலி மூக்கைச் சட்டைக் கையில் துடைத்துவிட்டு, மிச்சம் இருக்கிற வாஃபிளைத் தான் எடுக்கலாமா என்று கேட்டாள். எடுத்துக்கொண்டு ஓடினாள். கொறற்றி கதிரையை விட்டு எழும்ப மாட்டாமல் இருந்தாள். யன்னலுக்கு வெளியே இருண்டுகொண்டு வந்தது. ஒப்பனைக்காரி வந்து, துடைத்துத் திரும்பப் போடட்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றாள். நித்தியானந்தன் அவளுடைய பையைத் தூக்கிக்கொண்டு கார்வரைக்கும் வந்தான்.

படம் அடுத்த வருடம் வுப்பர்டாலுக்கு வந்தபோது கொறற்றி தாயையும் தகப்பனையும் கூட்டிக்கொண்டு போனாள். படத்தில் அவளுடைய பின்னந்தலை வந்தது, சேலைத் தலைப்பு வந்தது, மற்றைய காட்சிகளில் பக்கவாட்டில் முகமும் வந்தது. காத்திருப்பு மண்டபக் காட்சியில் அவள் முகம் இல்லை, குரல் மட்டும் இருந்தது. திரை நிறைய நடாலியின் முகம். அவளுடைய கை திரையின் ஓரத்தைத் தாண்டிப் போய், யாருக்கும் தெரியாத ஒரு கன்னத்தைத் துடைத்தது. தியேட்டர் முழுக்க மூக்குறிஞ்சும் சத்தம். லூர்தம்மா பெரிதாகவே அழுதாள். கொறற்றிக்கும் நெஞ்சு நிறைந்தது. ஒரு மூலையில் கொஞ்சம் நொந்துகொண்டும் இருந்தது, அதை ஏன் மறைக்க?

படம் முடிந்து விளக்குகள் போட்டார்கள். லூர்தம்மா கழிவறைக்குப் போனாள். அலோசியஸ் எழும்பவில்லை. எண்பதை நெருங்குகிறவர், தொப்பியை மடியில் வைத்துத் தடவிக்கொண்டிருந்தார். மனைவி கதவைத் தாண்டிப் போய்விட்டதைப் பார்த்துவிட்டுத்தான் வாயைத் திறந்தார்.

"அந்தப் பிள்ளைக்கு என்ன சொல்லி அழப் பண்ணினவை?"

"ஒண்டும் சொல்லேல்லை அப்பா. நான் அவளுக்கு முன்னாலை இருந்து அழுதனான். என்னைப் பாத்து அவளுக்கும் வந்திட்டுது."

அலோசியஸ் வெறும் திரையைப் பார்த்தபடி, "உன்னையும் அப்பிடி அழப் பண்ணியிருக்கலாமோ?" என்று கேட்டார்.

இத்தனை வருடத்தில் அதைப் பற்றி அவர் பேசிய முதல் பேச்சு. இல்லை, என்னிடம் அது சரிவந்திராது என்று சொல்லி அவரைத் தப்பவிட்டிருக்கலாம். கொறற்றிக்கு இன்னொரு பொய்யை நடுவில் வைக்க மனம் வரவில்லை.

"ஓம் அப்பா. நீங்கள் அழுதிருந்தா எனக்கும் வந்திருக்கும்."

"அண்டைக்கு நான் அழுதனான் பிள்ளை," என்றார் அலோசியஸ். "நீ காணக்கூடாதெண்டு வெளியிலை போய் நிண்டு அழுதனான்."