சாருகாவின் தலையாட்டல்

நிகழ்தகவுக் கணிதத்தில் கலாநிதிப் பட்டம் வாங்கிய சாருகா, பிராங்பேர்ட்டில் கிடைத்த வங்கி வேலையை உதறிவிட்டுப் போக்கர் சீட்டாட்டம் ஆடப் போனாள். "படிச்ச பிள்ளை சூதாடுது" என்று ஹம் நகரத் தமிழ்க் கோயில் வாசலில் கதைத்தார்கள். அந்தச் சொல்லைக் கேட்டாலே அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். சூதாடுகிறவர்கள் அதிர்ஷ்டத்தை நம்புகிறார்கள். அவள் நம்பியது கணக்கை.

கணக்கோடு இன்னொன்றும் அவளிடம் இருந்தது. நல்ல சீட்டா என்று எதிராளிகள் சீண்டிக் கேட்டால் அவள் பொய் சொல்வதில்லை. வீட்டில் 'ஓம்' என்பதற்கு ஆட்டுவது போலவே தலையைப் பக்கவாட்டில் ஆட்டுவாள். ஜெர்மன்காரர்கள் அதைத் தயக்கம் என்று நினைத்துத் துணிந்து இறங்குவார்கள், தோற்பார்கள்.

பேர்லின் போட்டியின் இறுதியில் அவளும், நரைத்த தாடி வைத்த ஒரு ஜெர்மன்காரரும் மட்டுமே மிஞ்சினார்கள். அவள் கையில் இரண்டு ஆஸ். அதைவிட நல்ல தொடக்கம் போக்கரில் கிடையாது. தன்னிடமிருந்த பந்தய வில்லைகளான சிப்ஸ் முழுவதையும் நடுவே தள்ளினாள். இனி அவரும் பந்தயத்தில் இறங்கவேண்டும், அவ்வளவுதான்.

"நல்ல சீட்டா?" என்று அவர் ஜெர்மனில் கேட்டார்.

அவள் தலையை ஆட்டினாள். அவருடைய விரல்கள் சிப்ஸை நோக்கி ஊர்ந்தன, பாதியில் நின்றன. அவளுடைய முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தவர், சட்டென்று தன் சீட்டுகளைக் கவிழ்த்துத் தள்ளிவிட்டுச் சிரித்தார்.

"நான் வரேல்லை, தங்கச்சி," என்றார், அசல் யாழ்ப்பாணத் தமிழில். "என்ர மனுசியும் ஓம் எண்டுறதுக்கு இப்பிடித்தான் தலையாட்டுவா."