நமுனுகுலவில் கொதிக்காத தண்ணீர்

1953இல் எங்கள் நமுனுகுலத் தோட்டத்து மருந்துசாலைக்கு யாழ்ப்பாணத்திலிருந்து வந்தார் பத்மநாதன். டொக்டர் கேட்டிருந்தோம், மருந்து கலந்து கொடுக்கும் டிஸ்பென்சர் கிடைத்தார். அவரிடம் ஒரு வெப்பமானியும் ஒரு இரசாயனப் புத்தகமும் இருந்தன. சுத்தமான தண்ணீருக்கு நிறம், மணம், சுவை இல்லை, 212 பாகை பாரன்ஹீட்டில் கொதிக்கும் என்று புத்தகத்தில் இருந்தது. அதில் பத்மநாதன் ஐயாவுக்குச் சந்தேகமே வந்ததில்லை. சந்தேகமெல்லாம் மனிதர்கள் மேல்தான்.

ஊசிகளை அவிக்கத் தண்ணீர் கொதிக்க வைப்பது மதலேனாவின் வேலை. புருஷன் செத்துப்போனவள். செக்ரோல் என்ற வேலையாள் பதிவேட்டில் பேர் இருக்கும்வரைதான் தொழிலாளர் லயத்தில் அவளுக்குக் காம்பரா, தங்க ஓர் அறை.

ஒருநாள் சட்டியில் தண்ணீர் தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தது. ஐயா வெப்பமானியை விட்டுப் பார்த்தார். 204.

"இது இன்னும் கொதிக்கேல்லை. விறகைப் போடு."

"நல்லா கொதிக்குதுங்களே ஐயா."

"212 வரவேணும்."

மத்தியானம்வரை விறகு போட்டாள். தண்ணீர் வற்றியதே தவிர, 204 நகரவில்லை. உடனே ஐயா பெரிய விஞ்ஞான முடிவுக்கு வந்தார்: இவள் காய்ந்த விறகைத் திருடிக்கொண்டு ஈர விறகை எரிக்கிறாள்.

"மலையில தண்ணி சட்டுனு கொதிச்சிருங்கய்யா, பருப்புதான் வேகாது. கீழ வெல்லவாயவுல எங்க அக்கா வீட்டுல அதே பருப்பு சீக்கிரம் வெந்துரும்" என்றாள் மதலேனா.

ஐயா சிரித்தார். பருப்பு அவிப்பவள் இரசாயனம் பேசலாமா? விறகுத் திருட்டு என்று தோட்டத்துத் துரைக்கு எழுதினார். கூரை ஒழுகுகிறது என்று எழுதினால் ஆறு மாதம் தூங்கும் துரையின் கந்தோர், மறுநாளே செக்ரோலில் அவள் பேரை வெட்டியது. பள்ளிக்கூடத்தில் அதே 212ஐப் பிள்ளைகளுக்கு மனப்பாடம் செய்வித்த வாத்தியார் நான். நானும் வாயைத் திறக்கவில்லை. வெட்கமாகத்தான் இருக்கிறது.

மூன்று வாரம் கழித்து மேற்பார்வைக்கு வந்த பதுளை டொக்டர் விஷயத்தைக் கேட்டு அந்தப் புத்தகத்தைக் கையில் வாங்கிப் புரட்டினார்.

"212 கடல் மட்டத்திலதான் தம்பி. உயரம் கூடக் கூடக் கொதிநிலை குறையும். அடுத்த பக்கத்திலேயே கிடக்குது, புரட்டேல்லையோ?"

ஐயா அன்றைக்கே துரைக்கு இன்னொரு கடிதம் எழுதினார், வெப்பமானி பழுது என்று. மதலேனாவைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. அவள் காம்பராவில் வேறு குடும்பம் ஏறியிருந்தது. அவள் வெல்லவாயவுக்கு இறங்கிப் போயிருந்தாள். அவளுடைய இடத்துக்கு வந்த றோசாலியிடம் ஐயா கண்டிப்பாகச் சொன்னார்: 204க்கு மேல் ஒரு விறகு வைத்தாலும் அது திருட்டு.