திமிங்கிலப் பங்கும் மிராசுதார் கூடமும்

பக்கத்து வீட்டுக் கூரையில் திடீரென ஒரு கொடி பறந்தது. தஞ்சாவூர்ப் பக்கத்து ஆள் கொடியைப் பார்த்தால் சும்மா இருப்பானா? "எந்தக் கட்சி?" என்று கேட்டுவிட்டேன். வீட்டுக்காரி ரூத் என்னை ஏற இறங்கப் பார்த்து, "திமிங்கிலம் பிடித்திருக்கிறோம்" என்றாள். அலாஸ்காவின் வடகோடியில், இனுப்பியாக் மக்களின் ஊரில், நான் கணக்கு வாத்தியார். இங்கே திமிங்கிலம் பிடித்த படகுத் தலைவர் வீட்டில் கொடி ஏறினால் ஊருக்கே சாப்பாடு. ரூத்தின் கணவர்தான் தலைவர்.

பாத்திரத்தை எடுத்துக்கொண்டு அவர்கள் வீட்டுக் கொல்லைப்பக்கம் போய்ப் பனியில் நின்றேன். எங்கள் ஊரில் மிராசுதார் வீட்டில் எதையும் அப்படித்தான் வாங்குவோம். கதவைத் திறந்த ரூத் அலறினாள்: "அங்கே ஏன் நிற்கிறாய்? கரடி வரும்! உள்ளே வா!" கூடத்தின் நடுவில் உட்காரவைத்து, கொழுப்போடு சேர்ந்த திமிங்கிலத் தோலைத் தட்டு நிறையப் போட்டார்கள். ரப்பரை நல்லெண்ணெயில் ஊறவைத்த மாதிரி இருந்தது. மறுசோறு கேட்பது போல மறுபடியும் வாங்கிச் சாப்பிட்டேன்.

சீர்காழிப் பக்கம் எங்கள் குடிசை மிராசுதார் மனையில் இருந்தது. காலி செய்ய ஆளும் போலீஸும் வந்தபோதெல்லாம் அப்பா வாசலில் குறுக்கே படுத்தார். கழக ஆட்சியில் அந்த மனைக்கே பட்டா வந்தது. ஆனால் மிராசுதார் கூடத்துக்குள் மட்டும் அவர் ஒருநாளும் கால் வைத்ததில்லை. இப்போது அந்த மிராசுதார் வீடும் இல்லை, இடித்துவிட்டார்கள். குளிர்காலப் பொழுதுபோக்காக அட்டையிலும் தீக்குச்சியிலும் நான் குட்டி அறைகள் செய்வது தெரிந்து, எண்பது வயது அப்பா போனில் கேட்டார்: "அந்தக் கூடத்த செஞ்சு காட்டுடா. உள்ள எப்புடி இருக்கும்னு ஒரு தடவ பாத்துக்கிறேன்."

செய்து முடித்ததைப் பார்க்க ரூத் வந்தாள். தூண், ஊஞ்சல், சுவர்க் கடிகாரம் எல்லாவற்றையும் ரசித்துவிட்டு, "வாசல் கதவு எங்கே?" என்றாள். அப்போதுதான் உறைத்தது. சின்ன வயதில் கொல்லைக் கதவு வழியாகத் தெரிந்ததை மட்டுமே செய்திருக்கிறேன். மற்ற பக்கம் வெற்று அட்டை. ரூத் இறைச்சி அறுக்கும் பிறைக்கத்தியால் அதில் ஒரு வாசல் வெட்டினாள். கணவர் திமிங்கில எலும்பில் செதுக்கிய விரல்நீள மனிதனை அதன் வழியாக நுழைத்து ஊஞ்சலில் உட்காரவைத்தாள்.

வீடியோ காலில் அப்பாவுக்குக் காட்டினேன்.

"ஊஞ்சல்ல யாருடா அது?"

"நீதாம்பா."

போலீஸ் தடியடிக்கு அசராத மனிதர் குரலைத் தாழ்த்தினார். "எறக்கி விடுடா. யாராவது பாத்துடப் போறாங்க."

சிரிப்பாக வந்தது. "யாரும் வர மாட்டாங்கப்பா, உக்காரு" என்றேன். அவரை இறக்கவில்லை. மறுவாரம் ரூத் வீட்டில் மறுபடி கொடி ஏறியது. பாத்திரத்தோடு கிளம்பினேன். கரடி பயம் இருந்தும், கால் கொல்லைப்பக்கம்தான் திரும்பியது.