டைரக்ட்எக்ஸ் பதினொன்றில் ஓடிய ஆறு

"ஒப்புதல் பெற்று முத்திரை வைக்கப்பட்ட மாதிரியை, இரு தரப்பாரின் கையெழுத்தும் இல்லாமல் எந்த ஒரு தரப்பும் மாற்றக் கூடாது, மாற்றம் எவ்வளவு சிறியதானாலும், எவ்வளவு நல்லதானாலும்."

நான் வேலை பார்த்த ஆம்பூர் ஷூ தொழிற்சாலையின் நடைமுறைக் கையேட்டில் இது நான்காம் பிரிவு. எழுதியவன் நான். கடைசி இரண்டு சொற்களைச் சேர்க்கச் சொன்னவர் பாய்.

பாய் உற்பத்திக்குப் பொறுப்பு, நான் தரக்கட்டுப்பாட்டுக்கு. புது மாடல் ஒன்று முடிவானதும் ஒரு ஜோடி ஷூவை எடுத்து, கயிறு போடும் கண்களில் நூல் கோத்து, அட்டை கட்டி, இருவரும் கையெழுத்துப் போட்டு, முடிச்சின் மேல் அரக்கு வைப்போம். இடது கால் அவர் அலமாரிக்குப் போகும், வலது கால் என் அலமாரிக்கு. பின்னால் தகராறு வந்தால் இரண்டையும் ஒரே மேசையில் வைத்துப் பார்த்துக்கொள்ளலாம். தகராறு வாரத்துக்கு இரண்டு முறை வந்தது. அவர் தைத்ததை நான் தள்ளினேன், தள்ளியதற்காக அவர் திட்டினார். இருபத்தாறு வருடம் இப்படியே போனது.

ஓய்வு பெற்ற பிறகு நான் வேலூர் சத்துவாச்சாரியில் என் வீட்டோடு இருந்துவிட்டேன். அவர் ஆம்பூரிலேயே. அவருக்கு முட்டி வலி, எனக்கு பஸ் ஏறினால் தலைசுற்றல். என் மருமகன் கழித்துப் போட்ட கம்ப்யூட்டர் ஒன்று என்னிடம் இருந்தது, அவர் மகன் கழித்துப் போட்டது அவரிடம். இருவரும் ஊர் கட்டும் கேம் ஒன்றை வாங்கி, தினமும் மூன்று மணிக்கு உட்கார்ந்து சேர்ந்து ஆட ஆரம்பித்தோம். அவர் பக்கத்து மசூதியில் பிற்பகல் தொழுகைக்கு அஸர் பாங்கு சொல்வது என் ஹெட்போனில் கேட்கும். அன்றைய ஆட்டம் அத்தோடு முடியும்.

நாலு வருடத்தில் ஆம்பூரையே திரும்பக் கட்டினோம். நெடுஞ்சாலையை ஊருக்கு வெளியே தள்ளினோம். முதல் தோல் பதனிடும் தொட்டியில் விழுவதற்கு முன்பே கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையம் வந்துவிட்டது. நிஜத்தில் அந்த வரிசை எப்படி இருந்தது என்பதை இருவரும் பேசிக்கொள்ளவில்லை. பாலாற்றில் பன்னிரண்டு மாதமும் தண்ணீர் விட்டோம். குறுக்கே ஒரு பாலம். எட்டுத் தூண் வேண்டும் என்றேன் நான், ஏழு போதும் என்றார் அவர். மூன்று வாரம் சண்டை. ஏழுதான் நின்றது.

இந்த ஆற்றில் ஒரு குறை இருந்தது. கேமுக்கும் கம்ப்யூட்டரில் இருக்கும் கிராபிக்ஸ் கார்டுக்கும் நடுவில் நின்று பேசுவதற்கு டைரக்ட்எக்ஸ் என்று ஒன்று உண்டு. கேம் அதன் பன்னிரண்டாவது வெர்ஷனில் பேசியது. எங்கள் கார்டுகளுக்குப் பதினொன்றுக்கு மேல் புரியவில்லை. கேமைத் தொடங்கும் கட்டளையில் சின்னதாக ஒரு கோடு போட்டு 'டிஎக்ஸ் லெவன்' என்று சேர்த்தால் பழைய முறையில் ஓடும். ஊர் வரும், ரயில் வரும், புகை வரும். ஆறு மட்டும் நீல ரெக்சின் விரித்த மாதிரி கிடக்கும். தோல் தொழிலில் இருந்தவனுக்கு அதைவிடக் கேவலமாக ஒன்றைச் சொல்லத் தெரியாது.

போன வருடம் கேம் கம்பெனி ஓர் அறிவிப்பு விட்டது: அடுத்த பெரிய அப்டேட்டில் பதினொன்று இருக்காது. பழையதிலேயே இருக்க விரும்புகிறவர்கள் தானாக வரும் அப்டேட்டை நிறுத்திவிட்டு, பட்டியலில் பழைய வெர்ஷனைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம். சேர்ந்து ஆடுகிறவர்கள் எல்லோரும் ஒரே வெர்ஷனில் இருக்க வேண்டும்.

அன்றே பாய்க்கு போன் போட்டேன்.

"பாய், நாலாம் பிரிவு ஞாபகம் இருக்கா?"

"இன்னா சார், எனக்கே படிச்சுக் காட்றீங்களா? ரெண்டு பேர் கையெழுத்து இல்லாம ஒரு செங்கல் நகராது. போதுமா?"

இருவரும் அப்டேட்டை நிறுத்தினோம். போதும் என்று நினைத்தேன். எங்கள் ஊர் இருந்த ஃபைல் அவர் கம்ப்யூட்டரில்தான் இருந்தது. நான் தினமும் அதில் போய்ச் சேர்ந்துகொள்வேன்.

தீபாவளி கழிந்து ஒரு திங்கட்கிழமை, மூன்று மணிக்குச் சேரப் போனால், வெர்ஷன் ஒத்துப்போகவில்லை என்று செய்தி வந்தது. பாய்க்கு போன் செய்தேன்.

"எனக்கும் அப்பிடித்தான் சார் காட்டுது" என்றார். "பேஜார் புடிச்ச கம்பெனி."

கம்பெனிக்கு எழுத ஆரம்பித்தேன். பத்திகளுக்கு எண் போட்டேன். கேமை வாங்கிய அன்று அதன் பக்கத்தில் 'குறைந்தபட்சத் தேவை: டைரக்ட்எக்ஸ் பதினொன்று' என்று இருந்ததை அச்செடுத்துக் கோப்பில் வைத்திருந்தேன்; அதை ஸ்கேன் செய்து இணைத்தேன். அனுப்புவதற்கு முன் ஒவ்வொரு கடிதத்தையும் பாய்க்குப் படித்துக் காட்டினேன். அவரும் திருத்தம் சொன்னார்.

"'வருந்துகிறேன்' எல்லாம் வேணாம் சார். கம்மியா இருக்கு. 'வன்மையாகக் கண்டிக்கிறேன்'னு போடுங்க."

போட்டேன். நாலாவது கடிதத்துக்குப் பிறகு, அங்கே யாரோ ஒரு மனிதர் உட்கார்ந்து இரண்டு வரியில் பதில் எழுதினார்: பழைய வெர்ஷனில் கோளாறு எதுவும் இல்லை, ஊரின் ஃபைலை வைத்திருப்பவர் எந்த வெர்ஷனில் இருக்கிறார் என்று சரிபார்க்கவும். எனக்கு வந்த கோபத்தில் மதியச் சாப்பாட்டை மூடி வைத்துவிட்டு உட்கார்ந்தேன். 'அவர் என்னோடு இருபத்தாறு வருடம் கையெழுத்துப் போட்டவர். அவரைச் சந்தேகிக்க உங்களுக்கு எந்த முகாந்திரமும் இல்லை' என்று ஐந்தாவது கடிதம் எழுதினேன். அதையும் பாய்க்குப் படித்துக் காட்டினேன். இந்தத் தடவை திருத்தம் எதுவும் இல்லை, "அனுப்புங்க சார்" என்று மட்டும் சொன்னார். நெகிழ்ந்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டேன்.

பொங்கல் அன்று காலையில், பழைய தொழிற்சாலைக்காரர்களின் வாட்ஸ்அப் குழுவில் பாய் ஒரு வாழ்த்து போட்டிருந்தார். எங்கள் ஊரின் படம். ஆறு, மேலே பாலம், அதற்கும் மேலே 'இனிய பொங்கல் வாழ்த்துகள்'. எல்லோரும் கை கூப்பிக்கொண்டிருந்தார்கள். நான் பூதக்கண்ணாடியை எடுத்தேன். தையலைப் பார்த்துப் பழகிய கண் சும்மா இருக்காது. பாலத்தின் தூண்கள் ஆற்றுக்குள்ளே தலைகீழாக நின்றன. நிழல் சற்றுக் கலங்கி, கரைப் பக்கம் மடிந்திருந்தது. ரெக்சினில் நிழல் விழாது.

"பாய், நம்ம பாலத்துக்கு எத்தனை தூண்?"

"ஏழு சார். நீங்கதான் எட்டுன்னு சண்ட புடிச்சீங்க."

"போட்டோல பதினாலு இருக்கு."



"பையன் புது மிஷின் அனுப்பிச்சான் சார்" என்றார். "பழைய மிஷின் டிஸ்க்க கழட்டி அதுலயே மாட்டிக்கினேன். அதுல பன்னெண்டு ஓடுது. ஒரு தபா தொறந்து பாத்துட்டு மூடிடலாம்னுதான் இருந்தேன். தண்ணி அசையுது சார். ஆம்பூர்லயே பொறந்து வளந்தவன் நானு. ஆத்துல கரைக்குக் கரை தண்ணி எத்தினி தபா பாத்திருப்பேன், சொல்லுங்க? எழுந்து வர மனசு வர்ல."

"அப்புறம்?"

"வெளிய வரும்போது பழைய ஃபைல் மேலயே அதுவா சேவ் ஆயிட்ச்சு."

புது வெர்ஷனில் சேவ் ஆனது பழையதில் திறக்காது. அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

"அஞ்சு லெட்டர் எழுதினேனே பாய். கூட உக்காந்து 'வன்மையாக'ன்னு திருத்தினீங்களே."

"நீங்க அவ்ளோ நல்லா எழுதினு இருந்தீங்க சார். நடுவுல எங்க சொல்றது?"

போனை வைத்துவிட்டேன். கம்பெனிக்கு ஆறாவதாக ஒரு கடிதம் எழுதி மன்னிப்புக் கேட்டேன். அதற்கும் பாயே காரணம்.

என் மனைவி மருத்துவமனையில் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "ரெண்டு பேரையும் ஒரே வார்டுல போடணும்ங்க" என்றாள். "நீங்களும் ஒரு புது மிஷின் வாங்கினா ஆச்சு. இதுக்கு எதுக்கு இவ்ளோ ஆர்ப்பாட்டம்?"

வாங்கியிருக்கலாம். ஆனால் நான்காம் பிரிவை ஒருவர் மீறினால் மற்றவர் போய் அவரோடு சேர்ந்துகொள்ள வேண்டும் என்று நான் எந்தக் கையேட்டிலும் எழுதவில்லை. தொழிற்சாலையின் பழைய குறை அறிக்கைப் படிவங்கள் என் மேசையில் மிச்சம் இருந்தன. ஒன்றை எடுத்துப் பூர்த்தி செய்து பதிவுத் தபாலில் பாய்க்கு அனுப்பினேன். பதில் தர ஏழு வேலை நாள்.

ஏழு நாள் போனது. பிப்ரவரியும் போனது. மூன்று மணிக்குப் பழக்கதோஷத்தில் உட்கார்ந்து, பழைய வெர்ஷனில் தனியாக ஒரு ஊர் தொடங்கினேன். எட்டுத் தூண் வைத்துப் பாலம் கட்டினேன். யாரும் ஆட்சேபிக்கவில்லை. இரண்டு நாள் அந்தப் பாலத்தைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு கேமை மூடினேன். அஸர் பாங்கு இல்லாமல் எப்போது எழுந்திருப்பது என்று தெரியவில்லை.

நோன்புப் பெருநாளுக்கு வழக்கம்போல அவர் வீட்டிலிருந்து பிரியாணி வந்தது. டப்பாவைத் துழாவிப் பார்த்தேன், படிவம் இல்லை. சாப்பிட்டேன். அது வேறு கோப்பு.

அதற்கு அடுத்த வாரம் தபாலில் உறை ஒன்று வந்தது. உள்ளே என் படிவம், அவருடைய சாய்ந்த கையெழுத்தில் பூர்த்தியாகி இருந்தது. மூல காரணம் என்ற இடத்தில்: 'தண்ணீர் பார்க்க ஆசை.' திருத்த நடவடிக்கை: 'முடியாது. பழைய ஃபைல் போய்விட்டது.' இனி நேராமல் தடுக்க எடுத்த நடவடிக்கை என்ற இடம் போதாமல் ஓரத்திலும் எழுதியிருந்தார்: 'இடது கால் என்னிடம் இருந்தது. வீணாக்கிவிட்டேன், ஒப்புக்கொள்கிறேன். மறைத்ததும் தப்பு. வலது கால் உங்களிடம் இருக்க வேண்டுமே சார். எங்கே?'

இல்லை. தினமும் வெளியே வரும்போது, ஊரின் நகல் ஒன்றை உன் கம்ப்யூட்டரிலும் வைக்கட்டுமா என்று கேம் கேட்கும். நாலு வருடம் 'வேண்டாம்' என்றே அழுத்தினேன். தொழிற்சாலையில் என் அலமாரிச் சாவியை ஒரு நாள்கூடப் பாயின் கண்ணில் படும்படி வைத்ததில்லை. அங்கே நம்பாதவரை இங்கே நம்பியிருக்கிறேன், அதுவும் எழுத்தில் எதுவும் இல்லாமல்.

புகார் கொடுத்தவர் கையெழுத்துப் போட்டால்தான் குறை அறிக்கை முடியும். கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பாய் பென்சிலால் பெருக்கல் குறி ஒன்று போட்டு அனுப்பியிருந்தார், அந்தக் காலத்தில் செய்வதைப் போலவே. பேனாவைத் திறந்து அந்தக் குறியின் மேல் வைத்தேன். எடுத்துவிட்டேன்; வலது கால் எங்கே என்பதற்குப் பதில் எழுதாமல் இந்தக் கோப்பை மூட முடியாது. எந்தத் தாளானாலும், வந்தவுடன் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. வலது மேல் மூலையில் அதை மட்டும் எழுதினேன்.

பெறப்பட்டது: மார்ச் 28, சனிக்கிழமை.