எலும்பு சொல்லாத இடங்கள்

தெருவில் அவனுக்கு மண்டையோடு என்றுதான் பெயர். பெற்றவள் வைத்த பெயரைக் கேட்டால் பக்கத்து வீட்டுக்காரருக்கே தெரியாது. பிழைப்பு அப்படி. பழைய புதைகுழிகளில் கிடைத்த மண்டையோடுகளை ஸ்கேன் எடுத்து அனுப்புவார்கள். அவன் கம்ப்யூட்டரில் அதற்குத் தசை வைத்து, தோல் போர்த்தி, வரலாற்றுப் படங்களில் நடமாட விடுவான். கல்யாணத்துக்கு நேரமில்லை என்பான், சும்மா கதை. வீட்டில் அம்மாவும் அவனும்தான்.

மூக்கின் அகலத்தை எலும்பு சொல்லிவிடும், தாடையைச் சொல்லிவிடும். உதட்டைப் பற்றியும் காது மடலைப் பற்றியும் அது மூச்சு விடாது. அங்கே இவனாகத்தான் ஊகித்து வைக்க வேண்டும். வம்பே அங்கேதான்.

ஒரு மதியம் சாப்பிடக் கூப்பிட வந்த அம்மா, திரையைப் பார்த்துக் கதவைப் பிடித்துக்கொண்டாள். மூவாயிரம் வருடத்துக்கு முந்தைய பெண்ணொருத்தி அதில் மெல்லத் திரும்பிப் பார்த்தாள்.

"அக்காவை எங்கடா பாத்த?"

அக்கா வேலைக்குப் போய்த் திரும்பாமல் பத்தொன்பது வருடம். வீட்டுக்குள் வெள்ளம் வந்தபோது அவள் போட்டோக்களும் போயின. இனி வரமாட்டாள் என்று அவன் மனசுக்கு எப்போதோ தெரியும். ஆனாலும் "வந்துடுவாம்மா" என்று சொல்லிச் சொல்லியே அம்மாவைப் பிடித்து வைத்திருந்தான். நம்பிக்கை போனால் அம்மாவும் போய்விடுவாள் என்று பயம்.

"இது வேற யாரோம்மா. படத்துல இவளைத் தலையில அடிச்சுக் கொன்னுடுறாங்க."

"அடப்பாவி! என் கண்ணு முன்னாடி அவளைச் சாகடிக்கப் போறியா?"

அம்மா போனதும் பழைய முகங்களை ஒவ்வொன்றாகத் திறந்தான். ராணிக்கும் நெசவுக்காரிக்கும் அதே தடித்த கீழுதடு, அதே மேலேறிய இடது காது. அட, தாடி வைத்த படைவீரனுக்குக்கூட! இந்த வேலைக்கு வந்த பதினான்கு வருடமாக அக்காவைத்தான் திரும்பத் திரும்பச் செய்திருக்கிறான், தனக்கே தெரியாமல். திரையிலிருந்து எல்லோரும் அவனையே பார்த்தார்கள்.

அன்றே அந்தப் பெண்ணின் உதட்டை மெலிதாக்கினான், காதை இறக்கினான். ஒவ்வொரு அசைவுக்கும் 'என்னடா பண்ற?' என்று அக்கா கேட்கிற மாதிரியே இருந்தது. ஸ்கேன் அனுப்பியிருந்த எலும்பு நிபுணர் பார்த்துவிட்டு, "இப்பதாங்க சரியா இருக்கு" என்றார். அவனுக்கு அழுகை முட்டியது.

படம் ஒளிபரப்பான மாலை, அம்மா டிவி முன்னால் சப்பணமிட்டு உட்கார்ந்தாள். திரையில் அந்தப் பெண் அடிபட்டு விழுந்தாள். முன்பின் தெரியாத முகம். அம்மா நிம்மதியாக மூச்சு விடுவாள் என்று பார்த்தால், முகத்தை மூடிக்கொண்டு அழுதாள்.

"ஏம்மா? இவ நம்ம அக்கா இல்லையே."

"இவ அம்மாவும் வாசலையே பாத்துட்டு இருந்திருப்பாளேடா. யாராச்சும் போய்ச் சொல்லியிருப்பாங்களா?"

அம்மா டிவியை அணைத்துவிட்டு அவன் பக்கம் திரும்பினாள்.

"நீயாவது சொல்லுடா. உங்கக்கா செத்துட்டாதானே?"

பத்தொன்பது வருடமாகத் தங்குதடையில்லாமல் வந்த பொய் அவனுக்கு வரவில்லை.

"ஆமாம்மா" என்றான்.