பெரியப்பா ஆடிய பாண்டி

என் பாண்டிக் கட்டத்தை அழித்தவர்களை நான் இன்றுவரை முழுசாக மன்னிக்கவில்லை. எனக்கு அப்போது எட்டு வயது. சேலையூரில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் சில்லு விளையாடப் பார்த்துப் பார்த்துப் போட்ட கட்டம் அது. ஆவணப்படம் எடுக்க வந்தவர்கள் ஈரத்துணியால் அதைத் துடைத்துவிட்டு, அதே இடத்தில் பத்தடிக்கு ஆறடி என்று சாக்பீஸால் ஒரு பெரிய கட்டம் போட்டார்கள். பெரியப்பா அடைபட்டிருந்த சிறை அறையாம்.

பெரியப்பா இளவயதில் தொழிலாளர் கூட்டத்தில் அரசாங்கத்தை எதிர்த்துப் பேசி, இரண்டு வருடம் உள்ளே இருந்தவர். வீட்டில் அந்தப் பேச்சே எழக்கூடாது. "அவர் வெளியூர்ல இருந்தப்போ" என்றுதான் பெரியம்மா சொல்வார். இப்போது எல்லாவற்றையும் சொல்லிவிடுவதென்று பெரியப்பாவே முடிவெடுத்து அவர்களை வரவழைத்திருந்தார். ஆனால் மூன்று நாளாகப் பிடித்து வைத்த பிள்ளையாராகக் கோட்டுக்கு வெளியிலேயே நின்றார். உள்ளே காலும் வைக்கவில்லை, வாயும் திறக்கவில்லை. இன்றும் இப்படியே என்றால் மூட்டை கட்ட வேண்டியதுதான் என்று இயக்குநர் சொல்லிவிட்டார்.

எனக்குக் கொண்டாட்டம். அவர்கள் சாப்பிடப் போன நேரம் பார்த்துச் சிறைக்குள்ளேயே என் பாண்டியைப் போட்டேன். வெளிக்கோடு போடும் வேலைகூட இல்லை, அவர்கள் போட்டதே இருந்தது.

"என்ன பாப்பா இது! ஷாட்டையே காலி பண்ணிட்டியே!" என்று இயக்குநர் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"இருக்கட்டும் தம்பி," என்றார் பெரியப்பா. என்னிடம் திரும்பி, "இத எப்படிம்மா ஆடறது?" என்று கேட்டார்.

சொன்னேன். சில்லை நெற்றியில் வைத்து, வானத்தைப் பார்த்தபடியே கட்டம் கட்டமாக நடக்க வேண்டும். ஒவ்வோர் அடிக்கும் "ரைட்டா?" என்று கேட்க வேண்டும். கோட்டை மிதித்தால் அவுட்.

பெரியப்பா அண்ணாந்து உள்ளே கால் வைத்தார். கேமரா ஓடியது.

"ரைட்டா?"

"ரைட்டு!"

தலைக்கு மேலே ஏர்போர்ஸ் விமானம் ஒன்று இரைந்துகொண்டு போனது. அவர் நிற்கவில்லை. கடைசி அடியில் அவருடைய குதிகால் வெளிக்கோட்டின் மேல் அழுத்தமாகப் பதிந்தது. அவுட் என்று நான் வாயெடுப்பதற்குள், படிக்கட்டருகே நின்ற பெரியம்மா கத்தினார்.

"ரைட்டு! ரைட்டுங்க!"

பெரியப்பா வெளியே வந்து சிரித்தார். பிறகு தாமாகவே திரும்பி உள்ளே போய், நடுக்கட்டத்தில் சம்மணமிட்டு உட்கார்ந்து பேச ஆரம்பித்தார். இரண்டு தடவை பேட்டரி மாற்றினார்கள். அவர் மறந்த இடங்களைப் பெரியம்மா எடுத்துக்கொடுத்தார்.

படத்தைக் குரோம்பேட்டையில் ஒரு கல்யாண மண்டபத்தில் திரையிட்டார்கள். அந்த நடை வந்ததும் மண்டபமே எழுந்து கை தட்டியது. பெரியப்பா புது மாப்பிள்ளை மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். எனக்கு மட்டும் ஆத்திரம் தாங்கவில்லை. குதிகால் கோட்டின் மேல் இருப்பது திரையில் பளிச்சென்று தெரிகிறது, ஒருவர்கூடக் கேட்கவில்லை. அழுகுணி ஆட்டத்துக்கு இத்தனை கைதட்டலா?

"கோட்ட மிதிச்சிட்டாருப்பா!" என்று அப்பாவின் சட்டையைப் பிடித்து இழுத்தேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே கை தட்டினார். பெரியப்பா மிதித்தது சிறையின் சுவரை என்பது எனக்கு அன்று தெரியவில்லை.